பதினான்குக்கு ஒன்று: மார்த்தா ஜெஃபர்சனின் கல்வி

1783 நவம்பரில் தாமஸ் ஜெஃபர்சன், பிலடெல்பியாவில் தங்கியிருந்த மூத்த மகள் மார்த்தாவுக்கு அன்னபோலிஸிலிருந்து ஒரு கால அட்டவணை எழுதி அனுப்பினார். காலை 8 முதல் 10 வரை இசை. 10 முதல் 1 வரை ஒருநாள் நடனம், மறுநாள் ஓவியம். பிற்பகலில் பிரெஞ்சும் மீண்டும் இசையும். மாலை 5 முதல் உறங்கும்வரை ஆங்கிலம். விளையாட்டுக்கு அதில் இடமில்லை. சிறுமிக்கு வயது 11. தாயை இழந்து ஓராண்டு சற்றே கடந்திருந்தது.

காரணத்தை அடுத்த மாதம் பிரெஞ்சுத் தூதரகச் செயலாளர் மார்புவாவுக்கு எழுதிய கடிதம் காட்டுகிறது. மகளுக்கு அறிவிலியே கணவனாக வாய்ப்பான் என்பதற்குப் பதினான்குக்கு ஒன்று எனப் பந்தயம் கட்டலாம். எனவே பிறக்கும் பிள்ளைகளின் கல்வி அவள் தலையில்தான் விழும் என்பது அவர் கணக்கு. அறிவு அவளுக்காக அன்று, வரப்போகும் குடும்பத்துக்கான காப்பீடாகவே கருதப்பட்டது.

1784-இல் தந்தையுடன் பாரிஸ் சென்ற மார்த்தா, பாந்தெமோன் கன்னிமாடப் பள்ளியில் பயின்றார். கன்னியராக விரும்பியதால்தான் 1789-இல் தந்தை அவரை அழைத்துக்கொண்டார் என்பது குடும்ப வழக்கு. அங்கிருந்து 1787 மே மாதம், 14 வயதில் எழுதிய கடிதமொன்றில், அடிமைப்பட்ட கறுப்பின மக்கள் அனைவரும் விடுதலை பெற வேண்டுமென மனமார விரும்புவதாகக் குறிப்பிட்டார். அட்டவணையில் இல்லாத பாடம் அது.

1790-இல் தாமஸ் மான் ராண்டால்ஃபை மணந்தார். எடின்பரோவில் பயின்ற அவர் அறிவிலி அல்லர். பின்னாளில் வர்ஜீனியாவின் ஆளுநருமானார். தந்தையின் கணக்கு பிழைத்தது அறிவில் அன்று, கடனில். பிறந்த 12 குழந்தைகளில் 11 பேர் வளர்ந்தனர். அவர்களுக்குப் பாடம் சொன்னவர் மார்த்தாவே. 1818-இல் பெண்கல்வி குறித்து நண்பரொருவர் கேட்டபோது, அதைத் தாம் முறையாகச் சிந்தித்ததே இல்லை என ஒப்புக்கொண்ட ஜெஃபர்சன், நடைமுறையில் தம்மைவிட மகளே அறிந்தவர் எனக் கூறி, அவர் துணையுடன் நூற்பட்டியல் தயாரித்து அனுப்பினார். மறு ஆண்டு அவர் முயற்சியால் உருவான வர்ஜீனியா பல்கலைக்கழகத்தில் பெண்களுக்கு இடமில்லை.

1826-இல் ஜெஃபர்சன் இறந்தபோது விட்டுச்சென்ற கடன் ஒரு லட்சம் டாலருக்கும் அதிகம். அதை அடைக்க 1827 ஜனவரியில் மாண்டிசெல்லோவில் நடந்த ஏலத்துக்கென விளம்பரம் செய்யப்பட்ட அடிமைகள் 130 பேர். அப்போது மார்த்தா பாஸ்டனில், மகள் எல்லனின் வீட்டில் இருந்தார்.