பிராங்கன்ஸ்டைன் என்பது யார் பெயர்?

பிராங்கன்ஸ்டைன் என்றதும் கழுத்தில் ஆணி துருத்திய, சதுர மண்டை ராட்சசன்தான் நம்ம கண்முன் வருகிறான். உண்மையில் அது அவன் பெயரே இல்லை. அவனைச் செய்த விஞ்ஞானியின் பெயர். 1931-ல் யுனிவர்சல் எடுத்த படத்தில் அந்த விஞ்ஞானியாக நடித்தவர் காலின் கிளைவ். படத் தொடக்கத்தில் வரும் நடிகர் பட்டியலில் முதல் பெயர் இவருடையது. ராட்சசனுக்கு நேரே வெறும் கேள்விக்குறிதான் இருக்கும். ஆனால் இன்றைக்கு எல்லாருக்கும் தெரிந்தது அந்தக் கேள்விக்குறி போரிஸ் கார்லாஃப் என்பது மட்டும்தான்.

கிளைவ் 1900-ல் பிரான்சின் செயின்ட் மாலோவில் பிறந்தவர். அப்பா ஆங்கிலேய ராணுவ கர்னல். கிளைவ் என்பது அம்மா வழிப் பெயர். ஆமாம், நம்ம ஆற்காடு ராபர்ட் கிளைவுக்கு உறவு என்றுதான் சொல்வார்கள். இவரும் சாண்ட்ஹர்ஸ்ட் ராணுவக் கல்லூரிக்குப் போனார். முழங்காலில் அடிபட்டு ராணுவக் கனவு போச்சு, நாடகத்துக்கு வந்துவிட்டார்.

திருப்பம் 'ஜர்னீஸ் எண்ட்'. முதல் உலகப் போரின் பதுங்கு குழிக்குள் நடக்கும் நாடகம். நாயகன் கேப்டன் ஸ்டான்ஹோப், விஸ்கி இல்லாமல் போர்முனையில் நிற்க முடியாதவன். 1928 டிசம்பரில் முதலில் அதை நடித்தவர் இளைஞர் லாரன்ஸ் ஒலிவியே. இரண்டே காட்சிகளோடு அவர் வேறு நாடகத்துக்குப் போய்விட, அடுத்த மாதம் சவாய் தியேட்டரில் அந்த இடத்துக்கு வந்தார் கிளைவ். நாடகம் ஓகோவென்று ஓடியது. இயக்குநர் ஜேம்ஸ் வேல் அதை ஹாலிவுட்டில் படமாக்கியபோதும் கிளைவையே ஸ்டான்ஹோப் ஆக்கினார்.

பிராங்கன்ஸ்டைனுக்கு ஸ்டூடியோ யோசித்தது லெஸ்லி ஹோவர்டை. வேல் கிளைவ்தான் வேண்டும் என்று நின்றார். ஏன் என்பது ராட்சசனின் கை முதன்முதலாக அசையும் காட்சியில் தெரியும். வேறொருவர் வெற்றிச் சிரிப்பு சிரித்திருப்பார். கிளைவின் குரல் உடைகிறது, கூட இருப்பவர்கள் பிடித்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. அது சந்தோஷமா, வலிப்பா என்று பிரித்துச் சொல்ல முடியாது. அந்தப் பதற்றம் முழுக்க நடிப்பு என்று எனக்குத் தோன்றவில்லை. ஸ்டான்ஹோப்பைப் போலவே கிளைவும் பெரும் குடிக்கு ஆட்பட்டவர். வேலுக்கு வேண்டியிருந்ததும் அந்த நடுக்கம்தான் போல.

ஒரு வேடிக்கை: கதைப்படி சாக வேண்டிய விஞ்ஞானியைப் பிழைக்க வைத்து முடிவை மாற்றினார்கள். அதற்குள் கிளைவ் இங்கிலாந்து திரும்பியிருந்தார். கடைசிக் காட்சியில் தூரத்துக் கட்டிலில் படுத்திருப்பவர் வேறு ஆள்!

1935-ல் இரண்டாம் பாகம். காலில் அடி, அதனால் பல காட்சிகளை உட்கார்ந்தபடியே நடித்தார். அதே வருடம் வந்த 'கிளைவ் ஆஃப் இந்தியா' படத்தில் ராபர்ட் கிளைவாக நடித்தவர் ரொனால்ட் கோல்மன். நிஜக் கிளைவுக்குக் கிடைத்தது கேப்டன் ஜான்ஸ்டன் என்ற சின்ன வேஷம்.

1937 ஜூன் 25-ல் காசநோயில் போய்ச் சேர்ந்தார். வயது 37. குடி உடம்பை ஏற்கெனவே தின்றிருந்தது. திரையில் இருந்தது ஏழெட்டு வருடம்தான்.

ஒரே ஒரு படம் பார்ப்பதென்றால் 'மேட் லவ்' பாருங்கள், அதுவும் 1935-தான். விபத்தில் கை போன பியானோ கலைஞனுக்குக் கொலைகாரனின் கைகளை ஒட்டிவிடுகிறார்கள். தன் கையையே பயந்து பயந்து பார்க்கும் அந்த மனிதன் கிளைவ்.