வெளியும் காலமும்
அத்தியாயம் 4: லெனின்கிராட் இளைஞர்

ஈர்ப்புக் கோட்பாட்டையும் குவாண்டம் விதிகள் மாற்றியே தீரும் என்று ஐன்ஸ்டைன் 1916-லேயே எழுதிவிட்டார். அந்தச் சிக்கலின் ஆழத்தை முதலில் தொட்டவர் யார் என்ற கேள்வியோடு சென்ற வாரம் நிறுத்தினோம்.

1935 நவம்பர், லெனின்கிராட். தன் முனைவர் பட்ட ஆய்வேட்டுடன் நிற்கிறார் மத்வேய் புரோன்ஸ்டைன். வயது 28. தேர்வாளர்கள் இருவர்: விளதீமிர் ஃபோக், பின்னாளில் நோபல் பரிசு பெறப்போகும் ஈகர் தாம்.

ஆய்வின் ஒரு பகுதி கணக்கு. வலுக்குறைந்த ஈர்ப்புப் புலத்தைக் குவாண்டம் முறைக்குக் கொண்டுவந்து, அதிலிருந்து நியூட்டனின் ஈர்ப்பு விதியை வருவித்துக் காட்டினார். சபாஷ் போடவைக்கும் வேலை. ஆனால் இடியை இறக்கியது இன்னொரு பகுதி.

மின்புலத்தை அளக்க, மின்னூட்டம் ஏற்றிய சோதனைப் பொருள் ஒன்றை அதில் வைத்து, அது எப்படி அசைகிறது என்று பார்ப்பார்கள். குவாண்டம் நடுக்கம் அளவீட்டைக் கெடுத்தால் பொருளின் நிறையைக் கூட்டலாம். மின்னூட்டம் அப்படியே இருக்கும். ஈர்ப்பில் அந்த வழி அடைபட்டுவிடுகிறது. அங்கே புலத்தை உண்டாக்குவதே நிறைதான். சிற்றிடம் ஒன்றில் நிறையைத் திணித்துக்கொண்டே போனால், ஒரு கட்டத்தில் அந்தப் பொருளிலிருந்து ஒளிகூட வெளியேற முடியாது. பிறகு எதைப் பார்த்து அளப்பது?

அளவீட்டுக்கு இயற்கையே போட்ட வேலி அது. ஒரு மீட்டரை 35 முறை பத்தால் வகுத்தால் கிடைக்கும் நீளத்தருகே அந்த வேலி நிற்கிறது என்கிறது இன்றைய இயற்பியல். அதைத் தாண்ட, வெளி, காலம் பற்றிய நம் வழக்கமான கருத்துகளையே கைவிட நேரலாம் என்று 1936-இல் எழுதினார் புரோன்ஸ்டைன். இன்றும் ஆய்வாளர்கள் மல்லுக்கட்டுவது அவர் சுட்டிய இந்த இடத்தில்தான்.

அதே ஆண்டுகளில், பதிப்பாசிரியரான மனைவி லிதியா சுகோவ்ஸ்கயாவின் தூண்டுதலில் சிறுவர்களுக்காக ஹீலியத்தின் கதையையும் எழுதினார். கடினமான அறிவியலையும் பிள்ளைகளுக்கு எட்டவைக்க முடியும் என்று நம்பிய மனிதர் அவர்.

1937 ஆகஸ்ட் 6. பெற்றோரைப் பார்க்கக் கீவ் போயிருந்தவரை ஸ்டாலினின் ரகசியப் போலீஸ் கைது செய்தது.

லிதியா அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்கினார். கடைசியில் கிடைத்தது ஒரே பதில்: “பத்தாண்டுச் சிறை. கடிதம் எழுதும் உரிமை கிடையாது.”

எந்தச் சிறை? கடிதத்துக்கு ஏன் தடை? உண்மையில், அந்தப் பதில் லிதியாவின் காதுக்கு எட்டியபோது புரோன்ஸ்டைன் எங்கே இருந்தார்?

(தொடரும்)