வோங் ஹோய் சியோங்: ஆவணப்படமும் காட்சிக்கலையும்

பினாங்குத் தீவின் ஜார்ஜ் டவுனில் 1960ஆம் ஆண்டு பிறந்த வோங் ஹோய் சியோங், ஓவியம், நிகழ்த்துகலை, காணொளி, நிறுவல்கலை (ஒரு கூடத்தையே படைப்பாக மாற்றி, பார்வையாளரை அதனுள் நடமாட விடும் கலை) எனப் பல வடிவங்களைக் கையாண்ட மலேசியக் கலைஞர் ஆவார். அமெரிக்காவில் இலக்கியம், கல்வியியல், ஓவியம் ஆகியவற்றைப் பயின்று திரும்பிய இவருடைய காணொளிகளைத் தொலைக்காட்சி ஆவணப்படங்களோடு ஒரே தட்டில் வைக்க இயலாது; வரலாற்றைச் சொல்லும் உரிமை யாருக்கு உண்டு என்னும் வினாவே அவற்றை இயக்குகிறது.

1941 டிசம்பரில் பினாங்கைக் கைப்பற்றிய ஜப்பானியப் படை, அடுத்த ஆண்டில், தன்னை எதிர்ப்பவர்கள் எனக் கருதிய சீனர்களைத் திரட்டிக் கொன்றது. சிங்கப்பூரிலும் மலாயாவின் பிற பகுதிகளிலும் நிகழ்ந்த இப்படுகொலைகள் 'சூக் சிங்' எனப்படுகின்றன. அதே பெயரில் 1990இல் வோங் உருவாக்கிய படைப்பு, உயிர் பிழைத்தோரின் வாய்மொழிச் சான்றுகளைக் காணொளியில் பதிந்து, ஓவியத்தையும் நிகழ்த்துதலையும் அவற்றோடு இணைத்தது. மலேசியக் காணொளிக் கலையின் முன்னோடிப் படைப்புகளுள் ஒன்றாக இது கருதப்படுகிறது.

மலேசியாவில் 1987 அக்டோபரில் அரசியல்வாதிகளும் சமூகச் செயற்பாட்டாளர்களுமாக நூற்றுக்கும் மேற்பட்டோர் உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ்க் கைதான நடவடிக்கைக்கு அரசு இட்ட பெயர் 'லாலாங்'. அது எளிதில் ஒழியாத ஒரு களைப்புல்லின் பெயர். 1994இல் அப்புல்லுக்கு மருந்தடித்து, வெட்டி, எரித்து வோங் நிகழ்த்திய படைப்பில் அரசியல் ஒரு சொல்லும் இன்றி வெளிப்பட்டது. மருந்தடிப்பு வேலையை அன்றாடம் அறிந்த தோட்டப்புறத் தமிழருக்கு இக்காட்சி தனி விளக்கம் வேண்டாதது. அதே காலத்தில் அவர் வரைந்த பெரிய கரிக்கோட்டு ஓவியங்கள், 1877இல் லண்டன் கியூ தோட்டத்தின் வழியே மலாயாவுக்கு வந்து சேர்ந்த பால்மரத்தையும் (ரப்பர் மரம்) அதை நம்பி வந்த மக்களையும் ஒருசேரக் குடியேறிகளாகக் காட்டின.

இவருடைய படைப்புகளுள் மிகவும் துணிச்சலானது, ஈராண்டுக்கு ஒருமுறை கூடும் வெனிஸ் கலைவிழாவில் 2003ஆம் ஆண்டு இடம்பெற்ற 'ரீ-லுக்கிங்' ஆகும். மலேசியா ஒரு பேரரசாக ஆஸ்திரியாவை அடிமைப்படுத்தி ஆண்டது என்னும் கட்டுக்கதையை, நேர்காணல், பழைய படச்சுருள், கம்பீரமான பின்னணிக் குரல் என ஆவணப்படத்தின் உத்திகள் அனைத்தையும் கொண்டு அது மெய்போல் நிறுவுகிறது. இவ்வகை, போலி ஆவணப்படம் எனப்படும். நடுத்தரக் குடும்பத்தின் வரவேற்பறை போல் அமைத்த கூடத்தில், தொலைக்காட்சிப் பெட்டியில் அது ஓடியது. ஐரோப்பியர் ஆசியாவைப் பற்றி நெடுங்காலம் பேசிய அதே தோரணையில் ஓர் ஆசியக் குரல் ஐரோப்பாவைப் பற்றிப் பேசுவதைக் கேட்கும்போதுதான், நம்பகத்தன்மையில் பெரும்பகுதி குரலின் மிடுக்கிலிருந்து பிறப்பது புலனாகிறது. நகைச்சுவையாகத் தொடங்கும் படம், சிரித்தவரையே சங்கடத்தில் ஆழ்த்துகிறது.

2007இல் இஸ்தான்புல் கலைவிழாவுக்காக, இடிப்புக்கு உள்ளாகிவந்த சுலுகுலே பகுதியின் ரோமா இனச் சிறுவர்களோடு சேர்ந்து இவர் ஒரு காணொளியை உருவாக்கினார். அதில் தங்கள் தெருக்களைப் பற்றிய கதையைச் சொல்லும் பொறுப்பு அச்சிறுவர்களிடமே விடப்பட்டது.