சந்திரலேகா கண்ட நாட்டியம்

உடப்புக் கடற்கரையிலே கரைவலை இழுப்போரைக் கண்டிராதார் நம்மில் யார் உளர்? அம்பாப் பாட்டின் தாளத்துக்குக் கால்கள் மணலில் ஊன்றுகின்றன. முதுகு வளைந்து நிமிர்கின்றது. பலர் மூச்சும் ஒரு மூச்சாகின்றது. பாட்டும் உழைப்பும் உடலும் அங்கே வேறு வேறல்ல. இவ்வுண்மையை நாட்டிய அரங்கிலே நிலைநாட்டப் பாடுபட்ட ஒரு பெருமாட்டியின் வரலாற்றை நம் இளைஞர் அறிதல் நன்று.

சந்திரலேகா அம்மையார் 1928ஆம் ஆண்டிலே, மராட்டிய நாட்டில் வாடா என்னும் ஊரிற் பிறந்தார். சென்னைக்கு வந்து, காஞ்சிபுரம் எல்லப்பா பிள்ளை அவர்களிடம் பரதம் பயின்றார். 1952இல் நடந்த அவரது அரங்கேற்றம், இராயலசீமையில் வறட்சியால் வாடிய மக்களுக்கு நிதி திரட்டும் நிகழ்ச்சியாகவும் அமைந்தது. யமுனையில் நீர் விளையாடும் காட்சியை அவர் அபிநயித்துக்கொண்டிருந்தார். கைகள் வெள்ளப் பெருக்கைக் காட்டின; மனக்கண்ணிலோ வெடித்த நிலமும் நீருக்கு ஏங்கி நிற்கும் மக்களும் தோன்றினர். கலைக்கும் வாழ்வுக்கும் இடையே இத்துணைப் பிளவு ஏன் என்னும் வினா அன்று அவர் நெஞ்சிலே தைத்தது.

அவ்வினாவுக்கு விடை காணாமல் ஆடிக்கொண்டிருக்க அவருக்கு மனம் ஒப்பவில்லை. பின்னர் மேடையை விட்டு நீங்கி, நெடுங்காலம் எழுத்திலும் சுவரொட்டிக் கலையிலும், பெண்கள் உரிமை, மனித உரிமை இயக்கங்களிலும் ஈடுபட்டார். மீண்டும் நாட்டியத்துக்கு வந்தபோது புதிய கண்ணோடு வந்தார்.

1985இல் அவர் அமைத்த 'அங்கிகா'வில் பரதமும் யோகமும் கேரளத்துக் களரிப்பயிற்றும் ஒருங்கே நின்றன. மூன்றுக்கும் முதுகெலும்பும் மூச்சுமே ஆதாரம் என்பது அவர் கொள்கை. 1989இல் 'லீலாவதி'யில், பன்னிரண்டாம் நூற்றாண்டுக் கணித மேதை பாஸ்கராசாரியாரின் கணக்குகளே நாட்டியமாயின. 1994இல் 'யந்திரா' வந்தது. 2001இல் வந்த 'சரீரா'வுக்குத் துருபத் இசை துணை நின்றது.

அணிமணிகளும் புராணக் கதைகளும் இல்லாத ஆட்டம் பரதமாகுமா என்று மூத்தோர் சிலர் ஐயுற்றனர். பக்தியினின்று வளர்ந்த கலைமேல் அவர்கள் கொண்ட அன்பே அவ்வையத்துக்குக் காரணம்; அதை எள்ளுதல் தகாது. ஆயினும் ஆங்கிகம், வாசிகம், ஆஹார்யம், சாத்துவிகம் என அபிநயம் நான்கு என்பது நாட்டிய சாஸ்திரம். அவற்றுள் அணியும் ஆடையுமாகிய ஆஹார்யத்தைக் குறைத்து, உடலாகிய ஆங்கிகத்தை அம்மையார் ஆழமாக உழுதார். அவர் எடுத்த யோகமும் களரியும் கணிதமும் பிறர் உடைமையல்ல, இம்மண்ணின் பழஞ்செல்வங்களே.

1991இல் சங்கீத நாடக அகாடமி விருது அவரை நாடி வந்தது. சென்னை பெசன்ட் நகரிலே, கடலை நோக்கிய தம் இல்லத்தில் வாழ்ந்து, 2006 டிசம்பர் 30இல் மறைந்தார்.

இளைஞர்காள்! நம் கரையும் வறட்சியை அறியாத கரையன்று. திருவிழா மேடைக்கு ஆட்டம் பழகும் நம் பிள்ளைகள், அணிகலனைத் தேடுமுன் அரைமண்டியைச் சரிசெய்யட்டும். அதற்குமேல், அரங்குக்கு வெளியே தாகத்தோடு நிற்பவன் யார் என்று ஒருமுறை எட்டிப் பார்க்கட்டும். அம்மையார் வாழ்வு நமக்குக் காட்டும் நெறி அதுவே.