வறியவர் வழக்கு

வறியவர் வழக்கு என்பது, நீதிமன்றக் கட்டணம் கட்டச் சக்தியற்ற ஒருவர், அக்கட்டணத்தை முன்னதாகச் செலுத்தாமலே தம் பிராதைப் பதிந்து விசாரணைக்குக் கொண்டுவர நீதிமன்றத்தின் அனுமதி பெற்று நடத்தும் சிவில் வழக்காகும். இந்தியாவில் இதற்கு ஆதாரம் 1908-ஆம் ஆண்டின் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 33-ஆம் கட்டளை. மேல்முறையீட்டுக்கு 44-ஆம் கட்டளை. 1976-ஆம் ஆண்டின் திருத்தம் வரை இது ‘பாப்பர் வழக்கு’ என்றே வழங்கி வந்தது.

இங்கிலாந்தில் ஏழாம் ஹென்றியின் காலத்தில், 1495-இல், ஏழைகள் கட்டணமின்றி வழக்காடச் சட்டம் வகை செய்தது. வங்காளத்தில் காரன்வாலிஸ் பிரபு 1793-இல் நீக்கிய கட்டணத்தை, வீண் வழக்குகள் பெருகிவிட்டன என்று காரணம் காட்டி, 1795-இல் கும்பினி அரசு மீண்டும் விதித்தது. நேர்மையான வழக்காளியையும் வீண் வழக்காளியையும் ஒருசேரத் தடுக்கும் அந்த நியாயத்தை மெக்காலே பிற்காலத்தில் வன்மையாகக் கண்டித்தார். ஆயினும் கட்டணம் வேரூன்றிவிட்டது. தமிழ்நாட்டில் 1955-ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ்ப் பண வழக்குகளுக்கு நூற்றுக்கு ஏழரை ரூபாயாக இருந்த விகிதம் 2017-இல் மூன்று ரூபாயாகக் குறைக்கப்பட்டது. அவ்வாறு குறைத்த பின்னரும், ஐந்து லட்சம் ரூபாய் நஷ்டஈடு கோரும் கூலித் தொழிலாளி, தம் குறையை நீதிபதி காதில் போடுவதற்கே 15,000 ரூபாய் வைத்தாக வேண்டும்.

வறியவர் என்று கொள்ளப்படுவதற்கு ஒருவர் ஓட்டாண்டியாக இருக்க வேண்டுவதில்லை. பிராதுக்குரிய கட்டணத்தைச் செலுத்தப் போதிய வசதி இல்லாதிருந்தால் போதும். வசதியைக் கணக்கிடுகையில் வழக்குக்குரிய சொத்தையும், கடனுக்காக ஜப்தி செய்யலாகாதெனச் சட்டம் விலக்கி வைத்த பொருள்களையும் சேர்க்கலாகாது. உடுக்கும் துணி, சமையல் பாத்திரம், படுக்கை, தச்சரின் உளியும் வாய்ச்சியும், உழவரின் ஏரும் மாடும் விதைநெல்லும், சமய ஆசாரப்படி ஒரு பெண் தன்னைவிட்டுப் பிரிக்கலாகாத தாலி முதலிய ஆபரணங்கள் ஆகியவை அவ்வாறு விலக்கப்பட்டவை. ஆகவே, கழுத்தில் தாலி கிடக்கிறதே, அதை விற்றுக் கட்டணம் கட்டலாமே என்று எதிர்க்கட்சி வாதாட இடமில்லை. இச்சலுகை மனிதர்க்கு மட்டுமன்றிக் கம்பெனிகளுக்கும் உண்டென உச்ச நீதிமன்றம் 2001-இல் தீர்ப்பளித்தது.

மனுதாரர் தம் அசையும் அசையாச் சொத்துகளின் பட்டியலை மதிப்புடன் இணைத்து, விதிவிலக்குப் பெற்றவராயிராவிடில், தாமே நேரில் வந்து மனுவைக் கொடுக்க வேண்டும். அவருடைய வறுமையை முதற்கண் விசாரிப்பவர் நீதிமன்றத் தலைமை அலுவலரான சிரஸ்தார். கட்டணம் அரசின் வருமானமாதலால் சர்க்கார் வக்கீலுக்கும், எதிர்க்கட்சியாருக்கும் பத்து நாட்களுக்குக் குறையாத நோட்டீஸ் தரப்படுகிறது. மனு கொடுப்பதற்கு முந்திய இரண்டு மாதங்களுக்குள் மோசடியாகச் சொத்தை மாற்றியவருக்கும், வழக்கின் பலனில் பிறருக்குப் பங்கு எழுதிக் கொடுத்தவருக்கும் அனுமதி இல்லை. அனுமதி கிட்டினால், மனுக் கொடுத்த நாளே வழக்குத் தொடுத்த நாளாகக் கொள்ளப்படுவதால், விசாரணை இழுத்தடித்தாலும் காலவரம்பு அவரைப் பாதிப்பதில்லை. மறுக்கப்பட்டாலும், கட்டணத்தைக் கட்ட நீதிமன்றம் அவகாசம் தரலாம்.

இவ்வேற்பாட்டைப் பற்றி மக்களிடையே பரவியுள்ள தவறான எண்ணம், கட்டணம் தள்ளுபடி ஆகிவிடுகிறது என்பது. உண்மையில் அது ஒத்திவைக்கப்படுகிறது, அவ்வளவே. வாதி வென்றால், தீர்ப்பு யாரைச் செலுத்தச் சொல்கிறதோ அவரிடம் அரசு அதை வசூலிக்கிறது. வழக்குச் சொத்தின் மீது அத்தொகைக்கு முதற்பாத்தியதையும் உண்டு. தோற்றாலோ, வறியவரென்று நீதிமன்றமே ஒப்புக்கொண்ட அந்த வாதியையே கட்டணம் செலுத்துமாறு உத்தரவிடுகிறது. டிக்ரியின் நகல் கலெக்டருக்குச் செல்ல, நிலவரிப் பாக்கியைத் தண்டுவது போலவே அது தண்டப்படுகிறது. நியாயம் கேட்டுத் தோற்ற ஏழையைக் கடனாளியாக்கி அனுப்பும் இவ்விதி, இக்கட்டளையிலுள்ள குறைகளுள் மிகக் கொடியது.

அரியானா அரசுப் பேருந்து மோதி இறந்த ஒருவரின் மனைவியும் மகளும் விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்தில் கட்டணமின்றி மனுச் செய்ததை எதிர்த்து அம்மாநில அரசே உச்ச நீதிமன்றம்வரை சென்றபோது, 1979-இல் நீதிபதி கிருஷ்ணய்யர் அவ்வெதிர்ப்பை நிராகரித்து, தீர்ப்பாயங்களிலும் 33-ஆம் கட்டளையின் பயன் ஏழைக்குக் கிட்ட வேண்டுமென்று உறுதி செய்தார்.

1995 நவம்பர் 9 முதல் நடைமுறையிலுள்ள 1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டம் வேறொரு வழியைத் திறந்தது. பெண்கள், குழந்தைகள், ஆதிதிராவிடர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள், தொழிற்சாலைத் தொழிலாளர், காவலில் இருப்போர் ஆகியோர் தம் வருமானம் எதுவாயினும் இலவச சட்ட உதவிக்குத் தகுதியுடையவர். வக்கீலோடு நீதிமன்றக் கட்டணமும் அவ்வுதவியில் அடங்கும். ஆதலால் இப்பிரிவினர் வறியவர் மனு எழுதுவதற்கு முன், தம் தாலுகா நீதிமன்றத்திலுள்ள வட்டச் சட்டப் பணிகள் குழுவை அணுகிக் கேட்டறிவது நன்று.