மெஹ்ரௌலிக்கு ஒரு மழைக்கால உலா

தில்லியில் குடியேறிய தமிழ்க் குடும்பம் எதுவாயினும், வந்த முதலாண்டிலேயே ஒரு ஞாயிற்றுக்கிழமை குதுப் மினாரைப் பார்த்துவிட்டு வந்திருக்கும். ஊரிலிருந்து தாத்தாவும் பாட்டியும் வந்தால் மீண்டும் ஒரு முறை. கோடை விடுமுறையில் அத்தை மக்கள் வந்தால் இன்னும் ஒரு முறை. புளியோதரையும் தயிர்சாதமும் கட்டிக்கொண்டு, கூஜாவில் தண்ணீர் நிரப்பிக்கொண்டு, ஜமக்காளத்தைச் சுருட்டிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு புறப்பட்ட அந்நாளைய பயணங்களை நம் முதியோர் இன்னும் மறந்திலர். அங்குள்ள இரும்புத் தூணுக்கு முதுகைக் காட்டி நின்று, கைகளைப் பின்னால் வளைத்து அதனைக் கட்ட முயலும் நிழற்படம் பழைய குடும்பங்களின் தொகுப்புகளில் ஒன்றேனும் இருக்கும். 1997-ஆம் ஆண்டில் தூணைச் சுற்றி வேலி இட்டுவிட்டனர். அவ்விளையாட்டு அத்தோடு முடிந்தது. மினாருக்குள் படியேறிச் செல்வதோ அதற்கும் முன்பே நின்றுவிட்டது. 1981 டிசம்பர் 4 அன்று உள்ளே விளக்கு அணைந்து, இருளில் நேர்ந்த நெரிசலில் 45 உயிர்கள் மாண்டன. அவர்களுள் பெரும்பாலோர் சுற்றுலா வந்த பள்ளிச் சிறார்.

மினாரைப் பற்றி நாம் இங்கே விரித்துரைக்கப் போவதில்லை. அதன் உயரம் 72.5 மீட்டர் என்பதையும், அடித்தளத்தைக் குத்புதீன் ஐபக்கும் மேல் அடுக்குகளை இல்துத்மிஷும் எடுத்தனர் என்பதையும் நம் பிள்ளைகள் பாடப் புத்தகத்திலேயே படித்துவிடுகின்றனர். நாம் சொல்லவந்தது, மினாரின் நிழலிலேயே இருந்தும் நாம் எட்டிப் பாராது திரும்பிவிடும் மெஹ்ரௌலி என்னும் சிற்றூரைப் பற்றி. தில்லி மாந்தர் தலைமுறை தலைமுறையாக உலாப் போந்த இடம் அதுவே. அவர்கள் போந்த காலமும் நாம் போகும் காலம் அன்று. நாம் குளிர்காலத்து வெயிலை நாடிச் செல்கிறோம். அவர்கள் மழையை நாடிச் சென்றனர்.

வடநாட்டுக் கோடையை ஒருமுறை பட்டவர்க்கு இதன் காரணம் விளங்கும். மே, ஜூன் திங்கள்களில் அனற்காற்று வீசி மண்ணும் மரமும் கருகியபின், ஜூன் இறுதியிலோ ஜூலைத் தொடக்கத்திலோ முதன்மழை விழும்போது ஊரே வீட்டைவிட்டு வெளியே வந்துவிடுகிறது. சாவன், பாதோம் என்று அவர்கள் கூறும் திங்கள்கள் ஏறத்தாழ நம் ஆடியும் ஆவணியும் ஆம். ஆடிப் பதினெட்டில் சித்திரான்னங்களைக் கட்டிக்கொண்டு காவிரிக் கரைக்குச் சென்ற குடியிற் பிறந்த நமக்கு, புதுநீரைக் காண ஊர் திரண்டு போவது புதிய செய்தி அன்று. தில்லியில் யமுனை இருந்தும் மக்கள் மழைக்கால மகிழ்ச்சிக்கு மெஹ்ரௌலியையே தேர்ந்தனர். ஆரவல்லிப் பாறைகளும் மாந்தோப்புகளும் ஒரு பெரிய ஏரியும் அங்கே ஒருசேர அமைந்திருந்தமையே காரணம்.

அவ்வேரிக்கு ஹௌஸ்-இ-ஷம்சி என்று பெயர். சுல்தான் இல்துத்மிஷ் 1230-ஆம் ஆண்டளவில் வெட்டுவித்தது. நபிகள் நாயகம் கனவில் தோன்றி இடத்தைக் காட்டியதாகவும், அவர் ஏறிவந்த புராக்கின் குளம்படி அங்கே பதிந்திருந்ததாகவும் கூறுவர். அவ்விடத்தில் எழுப்பிய சிறு மண்டபம் இன்றும் உண்டு. நூறாண்டுக்குப் பின்னர் வந்த மொராக்கோ நாட்டுப் பயணி இபன் பதூதா இவ்வேரியைப் பார்த்து எழுதியிருக்கிறார். நீர் வற்றிய கரையோரங்களில் கரும்பும் வெள்ளரியும் முலாம்பழமும் பயிரிட்டனர் என்பது அவர் தரும் செய்தி. இதே இபன் பதூதாதான் பின்னர் மதுரைக்கும் சென்று, அங்கே அந்நாளில் ஆண்ட சுல்தானின் விருந்தினராய்த் தங்கியவர். தில்லியிலிருந்து தமிழகம் சென்றவரும் உண்டு என்பதை நினைக்க நமக்கு ஒரு சிறு மகிழ்ச்சி.

இனி உலாவின் கதைக்கு வருவோம். 'பூல்வாலோன் கீ சைர்' என்பது அதன் பெயர். பூக்காரர் உலா என்று நாம் தமிழில் சொல்லலாம். 1806 முதல் 1837 வரை பெயரளவில் ஆண்ட இரண்டாம் அக்பர் ஷா தம் மைந்தருள் மிர்சா ஜஹாங்கீரையே அடுத்த மன்னராக்க விரும்பினார். கும்பினியார் அதற்கு இசையவில்லை. மூத்தவரான அபூ ஸஃபரே பட்டத்துக்கு உரியவர் என்றனர். சினம்கொண்ட இளவரசர் செங்கோட்டையில் கும்பினியின் ரெசிடெண்டு ஆர்ச்சிபால்டு சீட்டனை இழித்துப் பேசினார். பின்னர் ஒருநாள் அவரை நோக்கித் துப்பாக்கியாலும் சுட்டார். சீட்டன் தப்பினார், இளவரசர் அலகாபாத்துக்கு அனுப்பப்பட்டார். மகனைப் பிரிந்த அரசி மும்தாஜ் மகல், அவன் மீண்டு வந்தால் மெஹ்ரௌலியில் அடங்கியுள்ள குவாஜா குத்புதீன் பக்தியார் காக்கியின் தர்காவில் பூப்போர்வை சாத்துவதாக நேர்ந்துகொண்டார். மகனும் மீண்டார். நேர்த்திக்கடனைக் கழிக்க அரண்மனை முழுவதும் மெஹ்ரௌலிக்குப் புறப்பட்டது. தில்லி நகரமும் பின்தொடர்ந்தது. போர்வையைத் தொடுத்த பூக்காரர்கள் தம் அன்பின் அடையாளமாக ஒரு பூவிசிறியையும் செய்து உடன் வைத்தனராம். அப்பூவிசிறியே பின்னர் விழாவின் உயிராயிற்று.

இதில் நாம் வியக்கும் செய்தி ஒன்று உண்டு. நேர்த்திக்கடன் தர்காவுக்கே உரியது. ஆயினும் விசிறி அங்கு மட்டும் செல்லவில்லை. மினாருக்குப் பின்புறம் சற்று தொலைவில் யோகமாயா கோயில் இருக்கிறது. கண்ணனுக்கு மாற்றாகக் கம்சன் கையிற் பட்டு, அவனுக்கு அகப்படாது விண்ணேகிய மாயையே அங்கு உறையும் தேவி. ஒரு நாள் அக்கோயிலுக்கும் மற்றொரு நாள் தர்காவுக்கும் பூவிசிறி செல்வதென்று வழக்கம் ஏற்பட்டது. ஷெனாய் முழங்க, இந்துக்களும் முஸ்லிம்களும் இரு நாளும் ஒருங்கே சென்றனர். இதற்காக எவரும் ஆணை பிறப்பித்ததாகத் தெரியவில்லை. பூ விற்றவர் இரு சமயத்தாருக்கும் விற்றவர். இரு சந்நிதிக்கும் அவர்களே பூக்கொடுத்தவர். வாணிகம் சில வேளைகளில் சாத்திரத்தினும் நல்ல ஆசானாகிவிடுகிறது.

ஷாஜகானாபாத்திலிருந்து மெஹ்ரௌலி ஏறத்தாழ 20 கிலோமீட்டர். மாட்டுவண்டியிலும் பல்லக்கிலும் கால்நடையாகவும் வந்தவர்கள் பல நாள் தங்கினர். மாந்தோப்பில் ஊஞ்சல் கட்டிப் பெண்டிர் ஆடினர். ஏரியில் மிகுந்த நீர் வழிந்து விழும் 'ஜர்னா' என்னும் செயற்கை அருவியில் இளைஞர் குதித்து நீந்தினர். ஏரிக்கரையில் லோதியர் காலத்து ஜஹாஸ் மகல் நிற்கிறது. நீரில் அதன் நிழல் கப்பல்போல் தோன்றுவதால் அப்பெயர் வந்தது. அதன் முன்னே பட்டம் விடுவதும் மற்போரும் நடந்தன. இம்மழைக்கால மோகம் வெள்ளையரையும் விட்டுவைக்கவில்லை. கும்பினியின் தில்லிப் பிரதிநிதியான தாமஸ் மெட்காஃப் 1840-களில் முகமது குலி கான் என்பாரின் கல்லறைக் கட்டடத்தையே வாங்கி, அதைத் தமக்கு மழைக்கால மாளிகையாக மாற்றி, 'தில்குஷா' என்று பெயரும் இட்டார். கல்லறையின்மேல் உணவு மேசையைப் போட்டவர் மனம் எத்தகையதோ, நாம் அறியோம்.

மிர்சா ஜஹாங்கீர் அரியணை ஏறவில்லை. 1837-இல் ஏறியவர் அவர் தமையனார் அபூ ஸஃபர். அவரே கடைசி முகலாயரான பகதூர் ஷா ஸஃபர். மழைதோறும் மெஹ்ரௌலிக்கு வந்து தங்குவதில் அவருக்கு நிகரில்லா விருப்பம். தந்தை எடுத்த அரண்மனைக்கு யானையும் நுழையத்தக்க பெருவாயில் ஒன்றை 1847-48-இல் கட்டுவித்தார். அதனாலேயே அது ஸஃபர் மகல் எனப்படுகிறது. கவிஞரும் ஆன அவரைப் பற்றி அரண்மனை நாட்குறிப்பில் ஒரு செய்தி காணப்படுகிறது. ஓராண்டு பூவிசிறியுடன் கோயிலுக்குள் செல்ல அவருக்கு இயலவில்லை. கோயிலுக்குள் செல்லாத யாம் தர்காவுக்குள்ளும் விசிறியோடு செல்வது முறையன்று எனக் கருதி அவர் வாயிலோடு நின்றுவிட்டார். பேரரசு என்று சொல்லத்தக்கது எதுவும் கையில் இல்லாத ஒரு முதிய மன்னர், தம்மிடம் எஞ்சியிருந்த ஒன்றைச் செம்மையாகக் காத்த செயல் இது.

தர்காவை ஒட்டிய சிறு வளாகத்தில் அவர் முன்னோர் அடக்கம் செய்யப்பட்டிருக்கின்றனர். ஷா ஆலத்தின் கல்லறைக்கும் அக்பர் ஷாவின் கல்லறைக்கும் இடையே ஓர் இடத்தை ஸஃபர் தமக்கென ஒதுக்கி வைத்திருந்தார். 1857-இன் எழுச்சி அடங்கியபின் அவரை ரங்கூனுக்கு நாடு கடத்தினர். 1862 நவம்பர் 7 அன்று அங்கேயே மாண்டார். மெஹ்ரௌலியில் அவ்விடம் இன்றும் வெறுமையாகவே கிடக்கிறது. 1943-இல் நேதாஜி சுபாஷ் சந்திரபோஸ் ரங்கூனில் அவர் சமாதியின் முன் இந்திய தேசிய ராணுவத்தின் அணிவகுப்பை நடத்தி வணங்கினார். மலாயாத் தமிழர் பெருந்தொகையினராகச் சேர்ந்திருந்த படை அது.

மன்னர் போனபின்னும் மக்கள் உலா நிற்கவில்லை. அதை நிறுத்தியது 1942. 'வெள்ளையனே வெளியேறு' இயக்கத்தின்போது பெருந்திரளாகக் கூட்டம் கூடுவதை அஞ்சிய அரசு விழாவைத் தடுத்துவிட்டது. அஞ்சுவதற்குக் காரணம் இருந்தது. இந்துவும் முஸ்லிமும் ஒரே விசிறியைத் தூக்கிக்கொண்டு நடப்பது அவ்வரசுக்கு உவப்பான காட்சி ஆகுமா?

அதனினும் கொடிய காலம் ஐந்தாண்டில் வந்தது. 1947-இல் நாடு பிரிந்த கலவரத்தில் மெஹ்ரௌலி முஸ்லிம்கள் வீடுவாசல் இழந்து ஓடினர், தர்காவும் சேதமுற்றது. 1948 ஜனவரி 13 அன்று காந்தியடிகள் தில்லியில் உண்ணாநோன்பு தொடங்கினார். 18-ஆம் நாள் நகரத் தலைவர்கள் அவர்முன் எழுதித் தந்த உறுதிமொழியில் ஒன்று, குத்புதீன் குவாஜாவின் உர்ஸ் விழா முந்தைய ஆண்டுகளைப் போலவே அவ்வாண்டும் நடைபெறும் என்பது. இதனை நாம் பலமுறை எண்ணிப் பார்த்திருக்கிறோம். பள்ளிவாசல்களைத் திருப்பித் தருதல், கடைவீதிகளில் அச்சமின்றி நடமாடுதல் என்னும் பெருஞ்செய்திகளோடு சேர்த்து, ஒரு நாள் திருவிழாவையும் உயிரைப் பணயம் வைத்துக் கேட்டார் அடிகள். குடும்பத்தோடு பிள்ளைகளை அழைத்துக்கொண்டு ஒரு முஸ்லிம் மெஹ்ரௌலிக்குப் போய்த் திரும்ப முடிகிறதா என்பதே தில்லியின் அமைதிக்கு அவர் வைத்த அளவுகோல். உர்ஸ் நடந்தது. ஜனவரி 27 அன்று அடிகள் தாமே அங்கு சென்றார். உடைபட்ட சலவைக்கல் சாளரங்களைக் கண்டு வருந்தினார். மூன்றாம் நாள் மாலை பிர்லா மாளிகையில் சுடப்பட்டார்.

பூக்காரர் உலாவுக்கு 1960-களின் தொடக்கத்தில் பண்டித நேருவின் ஊக்கத்தால் மறுவாழ்வு கிட்டியது. இப்போது மழை ஓய்ந்தபின் செப்டம்பருக்கும் நவம்பருக்கும் இடைப்பட்ட நாள்களில் அதனை நடத்தும் வழக்கம் ஏற்பட்டிருக்கிறது. பல மாநிலங்களிலிருந்து விசிறிகள் வருவதுண்டு. நாள் ஆண்டுக்கு ஆண்டு மாறுமாதலால் முன்னரே விசாரித்துக்கொள்ளல் நலம்.

விழா நாளில்தான் போகவேண்டும் என்பதில்லை. 2010-இல் மெட்ரோ ரயிலின் மஞ்சள் தடம் குதுப் மினார்வரை வந்தபின் பயணம் எளிதாகிவிட்டது. இராமகிருஷ்ணபுரம் பகுதியினர் மலை மந்திரில் காலை வழிபாட்டை முடித்துக்கொண்டே புறப்படலாம். மினாரைப் பார்த்தபின் திரும்பிவிடாது, அதன் பின்புறமாக யோகமாயா கோயிலுக்கு நடந்து சென்று, அங்கிருந்து கடைத்தெரு வழியே தர்காவை அடைக. ஆடவர் பெண்டிர் யாவரும் தலையை மூடிச் செல்வது மரபு; பெண்டிர் சமாதியின் உள்ளே புகாது சாளரத்தின் வெளியே நின்று வணங்குவர். அருகிலேயே ஸஃபர் மகலின் பெருவாயில். மேற்கூரை இடிந்து கிடக்கும் அவ்வரண்மனையில் பிள்ளைகளைத் தனியே ஏறவிடலாகாது. கல்லறை வளாகத்தில் வெறுமையாய்க் கிடக்கும் அவ்விடத்தை அவர்களுக்குக் காட்டுக. ஏன் என்று கேட்பார்கள், ரங்கூன் கதையைச் சொல்லலாம்.

பிறகு கடைத்தெருவைக் கடந்து தெற்கே நடந்தால் ஏரி. ஜர்னாவில் கட்டடம் மட்டுமே எஞ்சியுள்ளது. நீர் விழக் காண்பது அரிது. ஏரியும் இபன் பதூதா கண்ட பரப்பில் இல்லை. சுற்றிலும் வீடுகள் நெருக்கிவிட்டன. ஆயினும் ஆவணியில் நல்ல மழை பெய்த மறுநாள் சென்றால் ஜஹாஸ் மகலின் நிழல் நீரில் தெரியும். கட்டுச்சோற்றை அங்கே அவிழ்க்கலாம். குரங்குகள் உண்டு, தயிர்சாதத்தைவிடப் புளியோதரையையே அவை மிக விரும்புகின்றன என்பது நாம் கண்ட உண்மை.