கேட்பவளின் முகம்: மார்கரெத்தே ஃபொன் ட்ரோட்டாவின் திரைமொழியில் நடிகையின் இடம்

1978இல் வெளியான ‘கிறிஸ்டா கிளாகெஸின் இரண்டாம் விழிப்பு’ என்ற ஜெர்மன் படத்தின் கடைசிக் காட்சியில் பெரிதாக ஒன்றும் நடப்பதில்லை. மூடப்படவிருந்த குழந்தைகள் காப்பகத்துக்காக வங்கியில் கொள்ளையடித்த கிறிஸ்டா பிடிபட்டுவிட்டாள். கொள்ளையின்போது அவள் துப்பாக்கிக்கு முன்னால் நின்ற வங்கி ஊழியர் லேனாவை அடையாளம் காட்டுவதற்காக அழைத்து வருகிறார்கள். லேனா பார்க்கிறாள். பிறகு, இவள் அந்தப் பெண் இல்லை என்று சொல்லிவிடுகிறாள். ஒரு பெண் இன்னொரு பெண்ணின் முகத்தை உற்றுப் பார்த்ததும், பார்த்ததற்கு மாறாகச் சாட்சி சொன்னதும்தான் படத்தின் முடிவு.

இது மார்கரெத்தே ஃபொன் ட்ரோட்டா தனியாக இயக்கிய முதல் படம். அதுவரை அவர் முதன்மையாக நடிகை. திரைப்பட வரலாற்று நூல்கள் அவரை ‘நடிகையாக இருந்து இயக்குநரானவர்’ என்று ஒரு வரியில் அறிமுகம் செய்துவிட்டு, நடிப்பை ஏதோ ரயிலுக்குக் காத்திருந்த அறைபோலக் கடந்துவிடுகின்றன. ட்ரோட்டாவும் நேர்காணல்களில் ஏறக்குறைய இதையேதான் சொல்லிவந்திருக்கிறார்: பாரிஸில் இளம்பெண்ணாக இருந்தபோதே இயக்குநராக விரும்பினார், அன்று பெண்ணுக்கு அந்தக் கதவு திறக்காது என்பதால் நடிப்பு வழியாக நுழைந்தார். இந்தத் தன்விளக்கத்தை அப்படியே ஏற்க வேண்டியதில்லை. அவருடைய படங்கள் வேறு சாட்சி சொல்கின்றன. மேடையிலும் கேமராவுக்கு முன்னாலும் நின்றவர் கற்றுக்கொண்ட ஒன்று, குறிப்பாக வசனம் இல்லாத நேரத்தில் எப்படி நிற்பது என்ற அறிவு, பின்னாளில் அவருடைய இயக்கத்தின் இலக்கணமாகவே ஆனது என்பது இக்கட்டுரையின் வாதம்.

ட்ரோட்டா 1942 பிப்ரவரி 21 அன்று பெர்லினில் பிறந்தார். தந்தை ஆல்ஃபிரட் ரோலோஃப் ஓவியர். தாய் எலிசபெத் ஃபொன் ட்ரோட்டா, மாஸ்கோவில் பிறந்த பால்டிக் ஜெர்மன் பிரபுக் குடும்பத்துப் பெண். ரஷ்யப் புரட்சிக்குப் பின் எல்லாவற்றையும் இழந்த குடும்பம் அது. போருக்குப் பின் தாயும் மகளும் டூசல்டோர்ஃபில் வாழ்ந்தார்கள், எந்த நாட்டின் குடியுரிமையும் இல்லாமல். முதல் திருமணத்தின் வழியாகவே மகள் ஜெர்மன் குடிமகள் ஆனார். 1960களின் தொடக்கத்தில் பாரிஸ் சென்றவருக்குப் பிரெஞ்சுப் புதிய அலையும் இங்மார் பெர்க்மனின் ‘ஏழாவது முத்திரை’யும் அறிமுகமாயின. பிறகு மியூனிக்கில் நடிப்புப் பயிற்சி. டிங்கெல்ஸ்பூல், ஸ்டுட்கார்ட், ஃபிராங்ஃபர்ட் ஆகிய ஊர்களில் மேடை.

திரையில் அவர் நுழைந்த காலம் புதிய ஜெர்மன் சினிமா கொதித்துக்கொண்டிருந்த காலம். 1970இல் வெளிவந்த, இயக்குநர் ஃபாஸ்பிண்டரின் ‘கொள்ளைநோயின் தெய்வங்கள்’, ‘அமெரிக்கப் போர்வீரன்’ இரண்டிலும் நடித்தார். பிரெக்டின் ‘பால்’ நாடகத்தை இயக்குநர் ஃபோல்கர் ஷ்லோண்டோர்ஃப் தொலைக்காட்சிக்காக எடுத்து, அதே ஆண்டு ஒளிபரப்பான படத்தில் தலைப்புப் பாத்திரத்தில் ஃபாஸ்பிண்டர், உடன் ட்ரோட்டா. 1971இல் ட்ரோட்டாவும் ஷ்லோண்டோர்ஃபும் மணந்துகொண்டார்கள். அடுத்த ஆண்டு வந்த ‘வைக்கோல் நெருப்பு’ படத்தில், மணமுறிவுக்குப் பின் மகனைத் தன்னிடம் வைத்துக்கொள்ளப் போராடும் பெண்ணாக நடித்தார். திரைக்கதையிலும் பங்கு அவருக்கு உண்டு. அது அவருடைய சொந்த மணமுறிவின் கதைக்கு மிக அருகில் இருந்தது. தன் வாழ்க்கையை எழுதி, தானே நடித்து, ஆனால் இன்னொருவர் இயக்கத்தில்! இந்த விசித்திரமான நிலையை எந்தத் திரைப்படப் பள்ளியும் பாடமாகச் சொல்லித்தர முடியாது.

1975இல் ஹைன்ரிஹ் போலின் குறுநாவலைத் தழுவிய ‘காத்தரினா ப்ளூமின் இழந்த மானம்’. மஞ்சள் பத்திரிகை ஒன்றும் காவல்துறையும் சேர்ந்து ஒரு வீட்டுப் பணிப்பெண்ணின் பெயரைச் சந்தி சிரிக்கவைக்கும் கதை. இயக்கம் என்ற இடத்தில் கணவன், மனைவி இருவர் பெயரும் இடம்பெற்றன. ஷ்லோண்டோர்ஃப் தொழில்நுட்பத்தைப் பார்த்துக்கொள்ள, நடிகர்களோடு பழகி அவர்களைத் தயார்செய்வது ட்ரோட்டாவின் முதன்மைப் பொறுப்பாக இருந்தது. காத்தரினாவாக நடித்த அங்கேலா விங்க்லரின் முகத்தைக் கவனித்தால் இந்தப் பங்கீட்டின் விளைவு தெரியும். விசாரணை அதிகாரிகள் பேசிக்கொண்டே போகிறார்கள்; காத்தரினா ஒவ்வொரு சொல்லையும் எடைபோட்டுக்கொண்டிருக்கிறாள். படத்தின் கோபம் அவளுடைய பேச்சில் ஏறுவதற்கு வெகு முன்பே அவள் கேட்கும் விதத்தில் ஏறிவிடுகிறது.

‘அருள் சூடு’ என்று தமிழில் சொல்லத்தக்க ‘ஃபாங்ஷுஸ்’ (1976) இந்த வாதத்துக்கு இன்னும் வலுவான சான்று. வேட்டையில் அடிபட்ட விலங்கின் வேதனையை முடிக்கச் சுடும் கடைசிக் குண்டுக்குத்தான் ஜெர்மானியர் அந்தப் பெயர் சொல்வார்கள். மூலம் மார்கரிட் யூர்சனாரின் பிரெஞ்சு நாவல். 1919ஐ ஒட்டிய பால்டிக் போர்க்களம், அதாவது ட்ரோட்டாவின் தாய்வழி நிலம். நாவலில் கதைசொல்லி எரிஹ் என்ற போர்வீரன். தன்னை நேசித்துப் பின் எதிரணிக்குச் சென்று, இறுதியில் தன் கையாலேயே சுடப்படும் சோஃபியைப் பற்றி அவன்தான் நமக்குச் சொல்கிறான். ட்ரோட்டா பங்கேற்று எழுதிய திரைக்கதை அந்தத் தன்மைக் கூற்றை நீக்கிவிட்டது. சோஃபியாக நடித்தவரும் அவரே. ஆண் நினைவுகூரும் பொருளாக நாவலில் இருந்த பெண் படத்தில் பார்க்கிறவளாக மாறினாள். அந்த மாற்றத்தை எழுதியவரே தன் உடலால் அதை நிறைவேற்றவும் செய்தார். நடிகையிலிருந்து இயக்குநருக்கான தாவல் எங்கே நிகழ்ந்தது என்று கேட்டால், 1978ஐவிட இந்தப் படத்தையே சுட்டத் தோன்றுகிறது.

அதற்குப் பிறகு வந்த படங்களில் பெண்கள் பெரும்பாலும் இரண்டிரண்டு பேராகவே வருகிறார்கள். 1979இல் ‘சகோதரிகள்’. 1981இல் ‘டி ப்ளையெர்ன ட்ஸைட்’, அதாவது ‘ஈயக் காலம்’. 1983இல் ‘ஹெல்லர் வான்’. அதில் ஹன்னா ஷிகுல்லாவும் அங்கேலா விங்க்லரும் தோழியர். ஒருத்தி செயல்படுவாள், மற்றவள் அதைப் பார்த்து, கேட்டு, சுமப்பாள். நாடக மேடையில் இரண்டாம் நடிகர் செய்யும் வேலை இதுதான். அவர் சரியாகக் கேட்காவிட்டால் முதல் நடிகரின் வசனம் விழுந்துவிடும்.

‘ஈயக் காலம்’ படத்தைச் சற்று நின்று பார்க்க வேண்டும். ஆயுதம் ஏந்திய இடதுசாரி அமைப்பான செம்படைக் குழுவைச் சேர்ந்த குட்ருன் என்ஸ்லின் 1977 அக்டோபர் 18 அன்று ஸ்டாம்ஹைம் சிறையில் இறந்துகிடந்தார். ஸ்டுட்கார்ட்டில் நடந்த அடக்கத்தை ‘இலையுதிர்காலத்தில் ஜெர்மனி’ என்ற கூட்டுப் படத்துக்காகப் பதிவுசெய்தபோது ட்ரோட்டாவுக்கு குட்ருனின் சகோதரி கிறிஸ்டியானேயின் பழக்கம் ஏற்பட்டது. அந்த உரையாடல்களில் பிறந்தது படம். அது கிறிஸ்டியானேவுக்கே காணிக்கை. திரையில் அவர்கள் மரியானே, யூலியானே: பார்பரா சுக்கோவா, யுட்டா லாம்பே. யுட்டா லாம்பே பெர்லினின் ஷௌபூன நாடக அரங்கில் பீட்டர் ஸ்டைனுடன் வளர்ந்த மேடை நடிகை என்பது தற்செயல் இல்லை.

படத்தில் குண்டு வெடிப்பதில்லை, வங்கி கொள்ளை போவதில்லை. கதை யூலியானேயின் பக்கத்திலேயே நிற்கிறது. பாதிரியாரான தந்தை, அலேன் ரெனேயின் ‘இரவும் மூடுபனியும்’ ஆவணப்படத்தைத் தேவாலயச் சிறுவர் கூட்டத்தில் திரையிடுகிறார். வதைமுகாம்களின் பிணக்குவியலைப் பார்த்த இரு சிறுமிகளும் தாளமுடியாமல் வெளியேறுகிறார்கள். பின்னாளில் ஒருத்தி ஆயுதம் ஏந்தவும் மற்றவள் பெண்ணிய இதழாளராகவும் ஆகக் காரணமான காட்சி, மீண்டும் ஒரு பார்வையாளர் காட்சிதான். சிறைச் சந்திப்புகளில் இருவரும் மேலங்கிகளை மாற்றி அணிந்துகொள்கிறார்கள். பிறகு கண்ணாடித் தடுப்பில் ஒருத்தியின் முகத்தின்மேல் மற்றவளின் பிம்பம் படிகிறது. பெர்க்மனின் ‘பெர்சோனா’வை நினைவில் வைத்திருப்பவர்களுக்கு இந்தக் கடன் உடனே புரியும்.

மரியானே சிறையில் இறந்த பின் யூலியானே செய்வது இன்னும் கவனிக்கத்தக்கது. அந்தச் சாவு தற்கொலை இல்லை என்று நிறுவ, சகோதரியின் எடைக்குச் சமமாக ஒரு பொம்மையைத் தைத்து, தன் அறையிலேயே தூக்கிட்டுப் பார்க்கிறாள். விமர்சகர்கள் இதைப் பித்து என்றும் துப்பறிதல் என்றும் எழுதியிருக்கிறார்கள். இதற்கு ஒத்திகை என்ற பெயரே பொருத்தம். இன்னொருத்தியின் உடலைக் கருத்தில் கொண்டு, அவளுக்கு நடந்ததைத் திரும்பத் திரும்பச் செய்துபார்த்து உண்மையைத் தொட முயல்வது நடிகையின் தொழில்.

வெனிஸ் விழாவில் இத்தாலோ கால்வினோ தலைமையிலான நடுவர் குழு 1981இல் இப்படத்துக்குத் தங்கச் சிங்கம் அளித்தது. அப்பெயரில் அப்பரிசை வென்ற முதல் பெண் இயக்குநர் ட்ரோட்டா. தலைப்புக்கு மட்டும் ஒரு விபத்து நேர்ந்தது. ஹோல்டர்லினின் கவிதையிலிருந்து எடுத்த அத்தொடரால் ட்ரோட்டா குறித்தது 1950களை: அடெனாவர் ஆட்சியில் நாஜிக் காலம் பற்றி வீடுகளில் யாரும் வாய் திறக்காமலிருந்த, ஈயம்போல் கனத்த மௌனத்தை. இத்தாலியில் படம் ‘ஆன்னி டி பியோம்போ’, ‘ஈய ஆண்டுகள்’ என்று வெளியானதும், ஈயம் என்பதைத் தோட்டா என்று படித்த இத்தாலியர்கள் துப்பாக்கிச் சத்தம் ஓயாத தங்கள் 1970களுக்கு அதையே நிரந்தரப் பெயராக்கிவிட்டார்கள். ஒரு நாட்டின் வரலாற்றுக்குப் பெயர் சூட்டிய படங்கள் அதிகமில்லை, அதுவும் தவறான வாசிப்பால்.

எதிர்ப்பும் எழுந்தது. பெண்ணியத் திரைப்பட இதழான ‘ஃப்ரௌவன் உண்ட் ஃபில்ம்’ இதழில் சார்லோட்டே டெலோர்மே படத்தைக் கடுமையாகத் தாக்கினார். அரசியலைச் சகோதரிச் சண்டையாகச் சுருக்கிவிட்டது என்பது அந்தத் தரப்பின் மையக் குற்றச்சாட்டு. இதில் நியாயம் இல்லாமல் இல்லை: மரியானே எதை நம்பினாள் என்று படத்தை மட்டும் பார்த்தவரால் விரிவாகச் சொல்ல முடியாது. ஆனால் இது கேட்பவளின் படம். தன்னால் ஏற்கவும் முடியாத, கைவிடவும் முடியாத ஒருத்தியின் பேச்சைக் கேட்டே ஆகவேண்டியவளின் நிலையும் அரசியல் நிலைதான். இறுதியில் மரியானேயின் சிறுவயது மகன், தாயின் படத்தைக் கிழித்துப்போட்டவன், அவளைப் பற்றிச் சொல் என்று யூலியானேயை வற்புறுத்துகிறான். கேட்கும் வேலை அடுத்த தலைமுறைக்குக் கைமாறும் இடத்தில் படம் நிற்கிறது.

புரட்சியாளர் ரோசா லக்சம்பர்க் பற்றி ஃபாஸ்பிண்டர் கைவசம் வைத்திருந்த படத்திட்டம் 1982இல் அவர் இறந்ததும் ட்ரோட்டாவிடம் வந்தது. மேடைப் பேச்சாளராகப் பெயர்பெற்ற ரோசாவை, கடிதம் எழுதுபவராகவும் சிறை முற்றத்தில் தனியே நடப்பவராகவும் அவர் காட்டினார். அந்தப் பாத்திரத்துக்காகச் சுக்கோவா 1986இல் கான் விழாவில் சிறந்த நடிகைக்கான பரிசைப் பகிர்ந்துகொண்டார். அதன்பின் இத்தாலிக் காலம். செக்கோவின் ‘மூன்று சகோதரிகள்’ நாடகத்தைத் தழுவி 1988இல் எடுத்த படம் மேடைப் பற்று விட்டுப்போகாததைச் சொல்கிறது, அவ்வளவே. 1990களில் பெரும்பாலும் தொலைக்காட்சிப் பணி.

2003இல் வந்த ‘ரோசன்ஷ்ட்ராஸ’ அவருடைய முறையின் வலிமையையும் சறுக்கலையும் ஒருசேரக் காட்டுகிறது. 1943 பிப்ரவரி இறுதியில் பெர்லினில் ஏறக்குறைய 2,000 யூதர்கள், பெரும்பாலும் யூதரல்லாத பெண்களை மணந்தவர்கள், ரோசன்ஷ்ட்ராஸ என்ற தெருவில் ஒரு கட்டடத்தில் அடைக்கப்பட்டார்கள். மனைவியர் தெருவில் வந்து நின்றார்கள். அவர்கள் செய்ததெல்லாம் நிற்பதுதான். ட்ரோட்டாவுக்கென்றே அமைந்த கரு! குளிரில் நிற்கும் முகங்களைப் படம் விட்டு விலகாதவரை அது அசைக்கமுடியாதது. கதாநாயகி நாஜி அமைச்சர் கோயபல்ஸை நெருங்கிக் கணவனை மீட்க முயலும் விருந்துக் காட்சியை வைத்ததும் கூட்டத்தின் பொறுமை ஒருத்தியின் கவர்ச்சிக்குப் பின்னால் மறைந்துபோகிறது. வரலாற்றாசிரியர் வோல்ஃப்காங் பென்ஸ் இந்தச் சித்திரிப்பைக் கடுமையாக மறுத்தார். அவர் மறுத்தது வரலாற்றின் பெயரால். படத்தின் சொந்தத் தர்க்கத்தின் பெயராலும் மறுக்கலாம். நாயகியாக நடித்த காட்யா ரீமான் வெனிஸில் நடிகைக்கான வோல்பி கோப்பையைப் பெற்றார் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

‘ஹன்னா ஆரெண்ட்’ (2012) படத்தில் அந்தச் சறுக்கல் இல்லை. தத்துவச் சிந்தனையாளர் ஆரெண்ட் நேரில் கண்ட 1961 எருசலேம் விசாரணையில், நாஜி அதிகாரி ஐஷ்மன் வேடத்துக்கு நடிகரைத் தேடாமல், விசாரணையின் கறுப்பு வெள்ளைப் பதிவுகளையே ட்ரோட்டா பயன்படுத்தினார். அவர் சொன்ன காரணம் எளியது: நல்ல நடிகர் ஒருவர் வந்தால் பார்வையாளர் அவருடைய திறமையை ரசிப்பார்கள், அந்த மனிதனின் அற்பத்தனம் கண்ணில் படாது. நடிப்பு எங்கே பொய்யாகிவிடும் என்பது நடிகைக்குத் தெரிந்திருக்கிறது. பதிலுக்கு அவர் முழு நடிப்பையும் கேட்பவளிடம் கொடுத்தார். பத்திரிகையாளர் அறையின் சிறுதிரையில் ஐஷ்மன் வாக்குமூலம் ஓட, ஆரெண்டாக நடிக்கும் சுக்கோவா சிகரெட்டும் கையுமாகப் பார்த்துக்கொண்டிருக்கிறார். ஒரு தத்துவக் கருத்து உருவாவதைத் திரையில் காட்டுவது இயலாத காரியம் என்பார்கள். இங்கே ஒரு புருவச் சுளிப்பிலும், பிறகு நியூயார்க் வீட்டின் சாய்மெத்தையில் கழியும் நீண்ட மௌனங்களிலும் அது கண்ணுக்குத் தெரிகிறது.

2018இல் ட்ரோட்டா தன் வழக்கத்துக்கு மாறாக ஓர் ஆவணப்படம் எடுத்தார்: பெர்க்மனைத் தேடும் படம். 1994இல் கோதன்பர்க் திரைப்பட விழாவுக்காகத் தமக்குப் பிடித்த படங்களைப் பட்டியலிட்ட பெர்க்மன், அதில் ‘ஈயக் கால’த்தையும் சேர்த்திருந்தார். ‘ஏழாவது முத்திரை’ தொடங்கும் அதே பாறைக் கடற்கரைக்குச் சென்று ட்ரோட்டா தன் படத்தைத் தொடங்குகிறார். பல ஆண்டுகளுக்குப் பின் மீண்டும் கேமராவுக்கு முன்னால். பெர்க்மன் படங்களின் நடிகை லிவ் உல்மன் பேசுகிறார், பெர்க்மனின் மகன் டேனியல் பேசுகிறார். எதிரே எழுபத்தைந்து வயதைக் கடந்த பழைய நடிகை கேட்டுக்கொண்டிருக்கிறார்.